நீலாங்கரையிலிருந்து குப்பத்துச் சாப்பாடு வரை

திருவான்மியூர்,
நவம்பர் 23

அன்புள்ள முரளி,

கடிதம் கிடைத்தது. பேத்திக்குக் காது குத்தியாச்சு என்று படித்ததும் வீட்டில் எல்லோருக்கும் சந்தோஷம். இங்கே இரண்டு நாளாக மழை விட்டிருக்கிறது, சளிதான் விடவில்லை. மற்றபடி நலம்.

ஜனவரி கடைசியில் ஈரோட்டிலிருந்து பன்னிரண்டு பேரோடு வருகிறேன், கடலோரமாக நடக்க வேண்டும், குப்பத்தில் மீன் சாப்பாடு வேண்டும் என்று எழுதியிருக்கிறாய். ரொம்ப சரி. ஆனால் கூடவே ‘வஞ்சரம் வறுவல் கட்டாயம்’ என்று இரண்டு கோடு போட்டிருக்கிறாயே, அதை முதலில் அழித்துவிடு. நீ நடக்கிற கரையில் இறங்குவது ஃபைபர் போட். விடியற்காலம் போய் ஏழு, எட்டு மணிக்குத் திரும்பும். வலையில் அன்றைக்கு என்ன விழுந்ததோ அதுதான் சாப்பாடு. வஞ்சரம் சில நாள் இருக்கும், பல நாள் இருக்காது. கட்டாயம் என்று நீ முன்கூட்டியே சொல்லிவிட்டால், சமைக்கிற அம்மா பாவம், முந்தின நாளே காசிமேட்டில் ஐஸ் வைத்த மீனை வாங்கி வந்துவிடுவார். அதைத் தின்ன ஈரோட்டிலிருந்து ஏன் ரயில் ஏற வேண்டும்?

தேதி விஷயம். நல்லவேளை, பொங்கல் முடிந்து வருகிறாய். காணும் பொங்கலன்று மெரினா, பெசன்ட் நகர் பக்கமெல்லாம் மணலே தெரியாது. ஞாயிறு வேண்டாம், சனிக்கிழமை பரவாயில்லை. முந்தின நாள் சாயங்காலம் குப்பத்துக்குப் போன் செய்து ‘நாளைக்குத் தொழிலுக்குப் போறீங்களா’ என்று கேட்டுவிடு. காற்று எச்சரிக்கை இருந்தாலோ, ஊரில் சாவு, திருவிழா என்றாலோ ஒரு போட்டும் இறங்காது. ஏப்ரலுக்குத் தள்ளிப்போடலாமா என்று கேட்டாய். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடை. ஃபைபர் போட் போகும், ஆனால் ஊர் முழுக்க அந்த மீனுக்குத்தான் வந்து நிற்கும், விலை ஏறிவிடும். வெயில் வேறு. ஜனவரியே இருக்கட்டும்.

வழி: நீலாங்கரையில் தொடங்கி, பாலவாக்கம், கொட்டிவாக்கம், திருவான்மியூர் தாண்டி, பெசன்ட் நகர் வேளாங்கண்ணி கோயில் வழியாக ஊரூர் குப்பத்தில் முடிப்பது. ஏழு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் கூட வரும். வேனை நீலாங்கரையில் இறக்கிவிடச் சொல்லி, நேரே பெசன்ட் நகருக்கு அனுப்பிவிடு. ஐந்தே காலுக்கு நடையைத் தொடங்கினால் சூரியன் வரும்போது பாலவாக்கம் பக்கம் இருப்பீர்கள். நின்று பார்த்து நடந்தால் மூன்று மணி நேரம், எட்டே காலுக்குக் குப்பம். எதிர்த்திசையில் ஆரம்பித்தால் போட் வருகிற நேரத்தில் நீங்கள் நீலாங்கரையில் இருப்பீர்கள், சமையல் ஊரூரில் இருக்கும்.

இந்த நடையில் எல்லோரும் ஏமாறுகிற இடம் ஒன்று உண்டு. ஏழு கிலோமீட்டர்தானே என்று நினைப்பார்கள். காய்ந்த மணலில் கால் புதையும், மணிக்கு இரண்டு கிலோமீட்டர்கூடத் தேறாது. ஈர மணலில் மூன்று, மூன்றரை நடக்கலாம். ஆனால் மழைக்காலம் முடிந்த கையோடு கரை சரிவாக அறுபட்டிருக்கும். வடக்கே நடக்கும்போது கடல் வலப்பக்கம், ஆகவே வலது கால் முழுக்கப் பள்ளத்திலேயே விழும். நாலாவது கிலோமீட்டரில் வலது கணுக்காலும் இடது முட்டியும் பேச ஆரம்பிக்கும். நீர் வற்றியிருக்கிற வேளையில் அலை ஓரத்துத் தட்டையான மணலில் நடந்தால் இந்தத் தொல்லை பாதியாகிவிடும். அதனால் தேதி முடிவானதும் அலையேற்ற அட்டவணையைப் பார், ஆறிலிருந்து எட்டுக்குள் நீர் ஏற்றமாக இல்லாத சனிக்கிழமையாக எடு. நேரம் நாளுக்கு ஐம்பது நிமிஷம் போலத் தள்ளிப்போகும், ஒரு வாரம் மாற்றினாலே ஏற்றம் இருந்த இடத்தில் வற்றம் வந்துவிடும். செருப்பு, புது ஷூ இரண்டும் வேண்டாம்; பின்பட்டை வைத்த சாண்டல் போதும். வெறுங்கால் ஆசை யாருக்காவது இருந்தால், பழைய வலைத்துண்டும் கண்ணாடிச் சில்லும் கிடக்கும் என்று சொல்லிவிடு. குப்பங்களை ஒட்டிய சில இடங்களில் காலைக்கடன் கரையிலேயே நடக்கும். அங்கே அலையோரமாகவே, பேசாமல், கேமராவை உள்ளே வைத்துவிட்டுக் கடந்து போக வேண்டும்.

ஜனவரியிலிருந்து மார்ச் வரை பங்குனி ஆமை கரையேறுகிற காலம். நீங்கள் நடக்கிற இதே நீலாங்கரை–பெசன்ட் நகர் கரையில்தான் 1988-இல் தொடங்கிய மாணவர் ஆமைப் பாதுகாப்புக் குழு இரவில் நடந்து முட்டைகளை எடுத்துப் பாதுகாப்பான குழிகளில் வைக்கிறது. ஒரு கூட்டில் நூறு முட்டைக்கு மேல் இருக்கும், பொரிய 45 முதல் 60 நாள். இருட்டில் டார்ச் அடிக்காதீர்கள். தவிர்க்க முடியாவிட்டால் சிவப்புக் கண்ணாடித்தாள் ஒட்டிக்கொள்ளுங்கள். டிராக்டர் டயர் போன தடம்போல மேலே போய்த் திரும்பிய சுவடு கண்ணில் பட்டால் அதன்மேல் நடக்கவும் வேண்டாம், தோண்டிப் பார்க்கவும் வேண்டாம். செத்த ஆமையும் கிடக்கலாம். 2025 ஜனவரியில் நூற்றுக்கணக்கில் ஒதுங்கின. இழுவலையில் சிக்கினால் மேலே வந்து மூச்சு வாங்க முடியாமல் மூழ்கிச் சாகிறது. குழந்தைகள் வருகிறார்கள் என்றால் இதை முன்பே சொல்லி வை.

மணலுக்கு மேலே இராவணன் மீசையும், ஊதாப் பூவோடு ஆட்டுக்கால் கொடியும் படர்ந்திருக்கும். சங்கப் பாட்டில் வருகிற அடும்பு இந்தக் கொடிதான் என்று உன் தமிழாசிரியர் நண்பரிடம் சொல், ஒரு கிலோமீட்டர் அலுப்பில்லாமல் நடப்பார். வெள்ளையாக, லேசாக, ஓடம்போல ஒதுங்கிக் கிடப்பது கடல் நுரை, கணவாயின் உள்ளோடு. நீலமாக, ஊதிய பலூன்போலக் கிடப்பது ஜெல்லிமீன் போன்ற ஓர் உயிர்; அதை மட்டும் யாரும் தொடக் கூடாது, காய்ந்து கிடந்தாலும் கொட்டும். பட்டுவிட்டால் தேய்க்காமல் கடல் நீரால் கழுவி, ஒட்டிய நூலை எடுத்துவிட்டு, பொறுக்கிற அளவு வெந்நீரில் வைக்க வேண்டும். இந்தக் கரையில் குளியல் கிடையாது. அது பேச்சுக்கே இடமில்லை. அடியில் இழுப்பு இருக்கிறது.

வழிகாட்டி குப்பத்து ஆளாக இருக்கட்டும். எந்தக் காற்றுக்கு எந்த மீன் கரைக்கு வரும் என்பதை வாடை, கச்சான் என்று பெயர் சொல்லிக் காட்டுவார். ஆனால் உன்னோடு நடந்தால் அவருக்கு அன்றைய கடல் போச்சு. அந்த ஒரு நாள் வரும்படிக்குக் குறையாமல் முன்பே பேசி முடித்துவிடு, ‘பார்த்துக் கொடுக்கிறேன்’ என்று இழுக்காதே.

போட் கரையேறும்போது அதன் நேர் முன்னால் யாரும் நிற்கக் கூடாது. அலையின் முதுகில் ஏறி ஒரே பாய்ச்சலாக மணலில் வந்து மோதும், பிரேக் கிடையாது. விரித்த வலையைத் தாண்டாதே, சுற்றிப் போ. ஏலம் நடக்கும்போது நடுவில் விலை கேட்காதே. வாங்குவதைச் சமைக்கிற அம்மாவே வாங்கட்டும், நீ பக்கத்தில் நின்று பார். அன்றைக்குப் பிடித்த கிழங்கான் மீனின் கண் பளிங்காக இருக்கும். ஐஸில் கிடந்தது என்றால் பால் படர்ந்திருக்கும். கடம்பாவை, அதாவது ஸ்குவிட்டை, உற்றுப் பார்: தோலில் மிளகு தூவினதுபோலப் பழுப்புப் புள்ளிகள், ஒவ்வொன்றும் விரிந்து, சுருங்கி, மறுபடி விரியும். அந்த ஆட்டம் நிற்பதற்குள் வாங்கினால் அதற்கு மேல் ஃப்ரெஷ் கிடையாது. நண்டு உயிரோடு இருக்க வேண்டும், கையில் கனக்க வேண்டும். அடிப்பக்கத்தை அழுத்தினால் அமுங்கினால் சோடை. வயிற்றில் முட்டைக் கொத்தோடு இருப்பதை விட்டுவிடச் சொல்.

பன்னிரண்டு பேருக்கு: குழம்புக்கு முழு மீன் இரண்டரைக் கிலோ, வறுக்கக் கிழங்கானோ நெத்திலியோ இரண்டு கிலோ, நண்டு இரண்டரை, எறா ஒரு கிலோ (உரித்தால் அரைதான் மிஞ்சும்), அரிசி ஒன்றே முக்கால். நடந்து வந்த வயிறு என்பதை மறக்காதே. வாங்குவது எட்டரைக்கு, சாப்பாடு பன்னிரண்டரைக்கு. நடுவில் மீன் வெயிலில் கிடந்தால் கெட்டது. தெர்மக்கோல் பெட்டியில் மீன் எடைக்குச் சரி எடை உடைத்த ஐஸ், உருகுகிற தண்ணீர் வடிய ஓட்டை. குறிப்பாகக் கானாங்கத்தை, சூரை. இவை சூட்டில் கிடந்தால் ஹிஸ்டமின் ஊறும், எவ்வளவு கொதிக்க வைத்தாலும் போகாது. சாப்பிட்ட அரைமணியில் முகம் சிவந்து, தடித்து, தலை வலிக்கும். அதை ‘மீன் ஒத்துக்கலை’ என்று சொல்லிவிடுவார்கள்.

குழம்பில் அந்த அம்மாவுக்கு நீயும் நானும் சொல்லித்தர ஒன்றுமில்லை. பெண்கள் யாராவது கேட்டு எழுதிக்கொள்ள நினைத்தால், அளவு இது. நல்லெண்ணெய் 200 மில்லி, சின்ன வெங்காயம் 400 கிராம், தக்காளி அரைக் கிலோ, புளி 100 கிராம், குழம்புத்தூள் ஆறு மேசைக்கரண்டி. மீன் போடுவதற்கு முன்பே குழம்பு வேண்டியதைவிட ஒரு சுற்றுக் கெட்டியாக, எண்ணெய் மேலே மிதக்கக் கொதித்திருக்க வேண்டும். மீன் தண்ணீர் விடும் என்பதால்தான் இது. இல்லாவிட்டால் ரசம் மாதிரி ஆகிவிடும். மீன் விழுந்தபின் கரண்டி உள்ளே போகக் கூடாது, சட்டியைப் பிடித்து ஆட்ட வேண்டும். மெல்லிய தீயில் ஆறேழு நிமிஷம், இறக்கிவைத்து அரைமணி. குழம்பை முதலில் ஏற்றி இறக்கிவிட்டு, மற்றதைக் கடைசியில் செய்யச் சொல். கடம்பா இரண்டு மூன்று நிமிஷத்துக்குள் இறங்க வேண்டும். தாண்டினால் ரப்பர், அப்புறம் முக்கால் மணி வெந்தால்தான் திரும்ப மெதுவாகும்.

பணத்தில் மீன் தனி, சமையல் கூலி தனி, மளிகையும் கேஸும் தனி. ‘தலைக்கு இவ்வளவு’ என்று மொத்தமாகப் பேசினால், மீன் விலை ஏறின நாளில் நஷ்டம் அந்த அம்மா தலையில் விழும்.

சாப்பாட்டுக்கு முன் நேரம் இருந்தால் வடக்கே அடையாறு முகத்துவாரம் வரை போய், உடைந்த பாலத்தைத் தூரத்திலிருந்து பார்க்கலாம். 1967-இல் கட்டி 1977-இல் உடைந்தது. மேலே ஏற வேண்டாம், முகத்துவாரத்தில் இறங்கவும் வேண்டாம். ஓரத்து மணல் திடீரென்று சரியும்.

சைவம் எத்தனை பேர், நண்டு ஆகாதவர்கள் எத்தனை பேர் என்று பத்து நாள் முன்னால் எழுது. அந்த அம்மாவிடம் அதைத்தான் முதலில் சொல்ல வேண்டும்.

அன்புடன்,
சந்துரு