அன்று நான் காட்டியது துருவ நட்சத்திரம் இல்லை

அன்புள்ள மகளுக்கு,

போன ஞாயிற்றுக்கிழமை பேசும்போது, "அப்பா, நீங்க சின்ன வயசுல காட்டின துருவ நட்சத்திரத்தை இங்க காணவே காணோமே" என்று கேட்டாய். நான் ஏதோ சொல்லி வேறு பேச்சுக்குப் போய்விட்டேன். போனை வைத்த பிறகு வெகுநேரம் தூக்கம் வரவில்லை. போனில் சொன்னால் கோர்வையாக வராது என்பதால் எழுதுகிறேன், பொறுமையாகப் படி.

முதலில் நீ கேட்டதற்குப் பதில். நிலநடுக்கோட்டைத் தாண்டித் தெற்கே போய்விட்டால் துருவ நட்சத்திரம் அடிவானத்துக்குக் கீழே இறங்கிவிடும். நீ இருக்கும் இடத்தில் எந்த மாதம், எந்த நேரத்தில் தேடினாலும் அது கிடைக்காது. ஆனால் நான் உனக்குக் காட்டியது துருவ நட்சத்திரமே இல்லை. அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

உனக்கு அப்போது ஆறு வயது. ஜனவரி மாதம், கரண்ட் போய் எங்கும் இருட்டு, மொட்டை மாடியில் பாய் போட்டுப் படுத்திருந்தோம். வடக்குப் பக்கம் நல்ல உயரத்தில் ஒரு நட்சத்திரம் லேசான மஞ்சளாகப் பளிச்சென்று நின்றது. "அதுதான் துருவ நட்சத்திரம், வானத்திலேயே ரொம்பப் பிரகாசமானது, இருக்கிற இடத்தை விட்டு அசையவே அசையாது" என்று சொன்னேன். நீ அதைத் தண்ணீர்த் தொட்டியின் மூலைக்கு நேராக வைத்துப் பார்த்துக்கொண்டே இருந்தாய். ஒரு மணி நேரம் போயிருக்கும். "அப்பா, அது தொட்டிக்குப் பின்னால போயிடுச்சு" என்றாய். நான் திரும்பிக்கூடப் பார்க்காமல், "நீ நகர்ந்து படுத்திருப்பே" என்று சொல்லிவிட்டேன். நீ ஒன்றும் பேசவில்லை. தலையணையை எடுத்துப் பாயின் மடிப்புக் கோட்டில் சரியாக வைத்து மறுபடி படுத்துக்கொண்டாய்.

நீ நகரவில்லையம்மா, நட்சத்திரம்தான் நகர்ந்தது.

மூன்று நான்கு வருடம் கழித்து ஒரு நட்சத்திர வரைபடம் கையில் கிடைத்தது. டார்ச் வெளிச்சம் கண்ணைக் கெடுக்காமல் இருக்கச் சிவப்புத் தாளைச் சுற்றிக்கொண்டு, அதே ஜனவரியில் அதே மாடியில் நின்று பார்த்தபோதுதான் தெரிந்தது, அது கப்பெல்லா. அவுரிகா என்ற விண்மீன் கூட்டத்தின் மிகப் பிரகாசமான நட்சத்திரம், வானம் முழுவதற்கும் சேர்த்து ஆறாவது. நிஜமான துருவ நட்சத்திரம் அதற்கு வெகு கீழே, பக்கத்து வீட்டுக் கூரைக்குச் சற்று மேலே மங்கலாக இருந்தது. கப்பெல்லாவின் வெளிச்சத்தில் ஆறில் ஒரு பங்குதான் இருக்கும். பிரகாச வரிசை போட்டால் துருவ நட்சத்திரம் முதல் நாற்பதுக்குள்கூட வராது. அதற்குப் பேர் வந்ததே நிற்கிற இடத்தினால்தான். பூமி சுற்றும் அச்சை வடக்கே நீட்டினால் போய்த் தொடும் புள்ளியிலிருந்து ஒரு பாகைக்கும் குறைவான தூரத்தில் அது இருக்கிறது. அதுவும் நிரந்தரம் இல்லை. அச்சு பம்பரம் மாதிரி சாய்ந்து சுற்றுவதால் (ஒரு சுற்றுக்குச் சுமார் 26,000 வருடம்) இன்னும் 12,000 வருடம் போனால் அந்த இடத்துக்குப் பக்கத்தில் வேகா வந்திருக்கும்.

அப்போதே உன்னிடம் சொல்லியிருக்க வேண்டும். உனக்குப் பரீட்சை, அப்புறம் சொல்லிக்கொள்ளலாம் என்று விட்டேன், அந்த அப்புறம் இத்தனை வருடம் ஆகிவிட்டது. தப்பான நட்சத்திரத்தைக் காட்டியதைவிட, நீ கண்ணால் பார்த்துச் சொன்னதை நான் தட்டிக்கழித்ததுதான் எனக்குக் கஷ்டமாக இருக்கிறது. மன்னித்துக்கொள்.

சரி, இப்போது நீ இருக்கும் இடத்துக்கு வருவோம். ஜனவரி மாதம் இரவு பத்து மணி வாக்கில் வெளியே வந்து அண்ணாந்து பார். ஏறக்குறைய உச்சியில் இரண்டு நட்சத்திரங்கள் மற்ற எல்லாவற்றையும் மங்கடித்துக்கொண்டு நிற்கும். வடக்கே சற்றுச் சாய்ந்திருப்பது சிரியஸ், தெற்கே சாய்ந்திருப்பது கனோபஸ், நம் அகத்திய நட்சத்திரம். இரவு வானத்தில் முதலிடமும் இரண்டாமிடமும் இவைதான், இங்கே எனக்கு அகத்தியர் தெற்கில் தாழ்வாக எட்டிப்பார்த்துவிட்டுப் போவார், உனக்கு அவர் தலைமேல் நிற்கிறார். சிரியஸ் கனோபஸைப் போல இரண்டு மடங்கு பிரகாசமாகத் தெரியும். அதை வைத்து சிரியஸ்தான் பெரியது என்று நினைத்துவிடாதே. சிரியஸ் 8.6 ஒளியாண்டு (ஒளி ஒரு வருடத்தில் போகிற தூரம்தான் ஒரு ஒளியாண்டு) தூரத்தில் இருக்கிற பக்கத்து வீட்டுக்காரர். நம் சூரியனைப் போல 25 மடங்கு ஒளி. கனோபஸ் 300 ஒளியாண்டுக்கும் அப்பால் இருந்துகொண்டு இவ்வளவு தெரிகிறது என்றால், அதன் ஒளி சூரியனைப் போல 10,000 மடங்குக்கும் மேல்.

இந்த ஒரு விஷயம் புரிந்த அன்று எனக்கு வானமே வேறாகத் தெரிந்தது. ஒரே கறுப்புப் பலகையில் குத்தி வைத்த புள்ளிகளாகப் பார்த்துக்கொண்டிருந்தவை சட்டென்று முன்னும் பின்னுமாக விலகிப்போயின. உனக்கும் அது நடக்க வேண்டும் என்று ஆசை. ஓரியனைப் பார், வேட்டைக்காரன். உன் ஊரில் அவன் தலைகீழாக நிற்பான், கால் பக்கத்து ரிஜல் மேலேயும், தோளில் இருக்கிற திருவாதிரை கீழேயும். ரிஜல் சுமார் 860 ஒளியாண்டு, சிரியஸைப் போல சரியாக நூறு மடங்கு தூரம். மனசுக்குள் இரண்டையும் இடம் மாற்றிப் பார். ரிஜலைக் கொண்டுவந்து சிரியஸ் இருக்கிற இடத்தில் வைத்தால் அரை நிலா அளவு வெளிச்சம் தரும், தரையில் உன் நிழல் விழும். சிரியஸைக் கொண்டுபோய் ரிஜல் இருக்கிற இடத்தில் வைத்தால் வெறும் கண்ணுக்குத் தெரியவே தெரியாது, பைனாகுலர் வேண்டும்.

பெயர்களைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன், நீ ஏதாவது ஆப்பில் பார்த்துக் குழம்பக்கூடாது. 1603-ல் ஜோஹன் பேயர் என்ற ஜெர்மன்காரர் ஒவ்வொரு விண்மீன் கூட்டத்திலும் நட்சத்திரங்களுக்குக் கிரேக்க எழுத்துகளை வைத்தார். அல்ஃபா என்றால் அந்தக் கூட்டத்திலேயே பிரகாசமானது என்று பலரும் நினைக்கிறோம். பல கூட்டங்களில் அது சரி, எல்லாவற்றிலும் இல்லை. ஓரியனில் அல்ஃபா திருவாதிரை, ஆனால் பெரும்பாலும் பீட்டாவான ரிஜல்தான் பிரகாசம். மிதுனத்தில் அல்ஃபா காஸ்டர், அதைவிடப் பொலக்ஸ் பிரகாசம். தனுசில் அல்ஃபா என்ற பெயர் வாங்கியது நாலாம் தரத்து மங்கல் நட்சத்திரம். அவர் கண்ணால் பார்த்து மதிப்புப் போட்ட காலம் அது, தொலைநோக்கியே இன்னும் வரவில்லை, குறை சொல்லத் தோன்றவில்லை.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது உன் தலைக்கு மேலேயே இருக்கிறது. அந்தக் காலத்தில் தெற்கு வானத்தில் ஆர்கோ என்ற ஒரு பெரிய கப்பல் இருந்தது. ஒரே கூட்டமாக வைத்துக்கொள்ள முடியாத அளவு பெரிசு. 18-ம் நூற்றாண்டில் லக்காய் என்ற பிரெஞ்சு வானியலாளர் அதை அடிப்பகுதி, பின்பகுதி, பாய் என்று மூன்றாகப் பிரித்தார். எழுத்துகளை மட்டும் மூன்றுக்கும் பொதுவாக ஒரே வரிசையாக விட்டுவிட்டார். அல்ஃபாவான கனோபஸ் அடிப்பகுதிக்குப் போய்விட்டது. அதனால் கப்பலின் பாய்க்கும் பின்பகுதிக்கும் இன்றுவரை அல்ஃபாவே கிடையாது. பாயில் காமாதான் முதல் ஆள். வீட்டைப் பாகம் பிரித்த பிறகும் கதவு எண் மாறாமல் இருக்குமே, அந்த மாதிரி.

அதே இரவு தென்கிழக்கில் தாழ்வாகத் தென்சிலுவை படுத்த வாக்கில் எழுந்துகொண்டிருக்கும். அதற்கும் கீழே இரண்டு பிரகாசமான நட்சத்திரங்கள் ஜோடியாக வரும். கொஞ்சம் பொறுத்திருந்தால் நன்றாக மேலே ஏறிவிடும். ஜோடி என்று பார்த்தால் அப்படித்தான் தோன்றும், ஆனால் சிலுவையிலிருந்து தள்ளி இருக்கும் ஆல்ஃபா சென்டாரி 4.4 ஒளியாண்டு, சிலுவைக்குப் பக்கத்தில் இருப்பது கிட்டத்தட்ட 400. ஆல்ஃபா சென்டாரி ஒன்று இல்லை, இரண்டு சூரியன்கள் ஒன்றையொன்று 80 வருடத்துக்கு ஒரு முறை சுற்றி வருகின்றன. நீ துருவ நட்சத்திரத்தைத் தேடினாய் அல்லவா, தெற்குத் துருவத்துக்கு அப்படிப் பிரகாசமாக ஒன்று வாய்க்கவில்லை. சிலுவையின் நீளக் கோட்டை அதே போல நாலரை மடங்கு நீட்டினால் வரும் வெற்றிடம்தான் தென் துருவம்.

திருவாதிரையைப் பற்றி ஒரு வார்த்தை. 2019 கடைசியில் அது மங்க ஆரம்பித்தது, நீ அப்போது ஹாஸ்டலில் இருந்தாய். வெடிக்கப்போகிறது என்று எல்லோரும் பேசினார்கள். நான் தினமும் ராத்திரி மாடிக்குப் போய் வேட்டைக்காரனின் இரண்டு தோளையும் ஒப்பிட்டுப் பார்ப்பேன். இன்னொரு தோளில் இருக்கிற பெல்லாட்ரிக்ஸ் எப்போதும் மங்கல்தான், 2020 பிப்ரவரியில் இரண்டும் ஒரே அளவுக்கு வந்துவிட்டன. நாற்பது வருடமாகப் பார்த்துப் பழகின முகத்தில் ஒரு பக்கம் வாடின மாதிரி இருந்தது. பிறகு மெல்லப் பழையபடி ஆகிவிட்டது. நட்சத்திரமே கக்கின பொருள் குளிர்ந்து தூசி மேகமாகி அதன் முகத்தை மறைத்திருக்கிறது என்று பின்னால் விளக்கினார்கள். என்றாவது அது நிச்சயம் வெடிக்கும், வெடித்தால் பகலிலும் தெரியும், ஆனால் நம் ஆயுளுக்குள் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை.

கப்பெல்லாவுக்கு வருகிறேன். அது ஒரு நட்சத்திரம் இல்லை, இரண்டு மஞ்சள் பூத நட்சத்திரங்கள் 104 நாளுக்கு ஒரு முறை ஒன்றையொன்று சுற்றுகின்றன, மிக நெருக்கமாக இருப்பதால் நம் கண்ணுக்கு ஒரே புள்ளி. தூரம் 43 ஒளியாண்டு. நேற்று உட்கார்ந்து கணக்குப் போட்டேன். நீ தலையணையை மடிப்புக் கோட்டில் வைத்துப் படுத்த அந்த ராத்திரி கப்பெல்லாவை விட்டுக் கிளம்பிய ஒளி, 21 வருடம் ஆகியும் இன்னும் பாதி வழிதான் வந்திருக்கிறது.

அங்கிருந்து அது உனக்குத் தெரிய வாய்ப்பு இருக்கிறது, அடிவானத்தை ஒட்டிக் கொஞ்ச நேரம்தான். தேட ஒரு சுலபமான வழி: ரிஜல் சரியாக வடக்குக்கு நேரே வருகிற நேரம் பார்த்து, அதிலிருந்து செங்குத்தாகக் கீழே கோடு இழுத்துக்கொண்டே வா. இரண்டும் கிட்டத்தட்ட ஒரே நேர்கோட்டில்தான் வானத்தைக் கடக்கின்றன. வடக்குப் பக்கம் மரமோ கட்டடமோ மறைக்காத இடமாகப் பார்த்து நில். தாழ்வாக இருப்பதால் காற்றில் துடித்துக்கொண்டு சிவப்பும் பச்சையுமாக மினுக்கும், பயப்படாதே, அதுதான். அப்புறம் அங்கேயே ஏதாவது ஒரு கம்பத்துக்கு நேராக வைத்து ஒரு மணி நேரம் பார். எந்தப் பக்கம் நகர்ந்தது, எவ்வளவு நகர்ந்தது என்று எனக்கு எழுது. இந்த முறை நானும் இங்கே மாடியில் நின்று பார்த்துக்கொண்டிருப்பேன்.

அன்புடன்,
அப்பா