அண்ணி செய்த காரியம்

அன்புள்ள பத்மா,

இங்கே எல்லாரும் நலம். உன் மாமியாருக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது என்று அம்மா சொன்னாள். போன் எடுக்காதவளோடு போடவேண்டிய சண்டையை நேரில் போட்டுக்கொள்கிறேன். இப்போது நம் அண்ணி கதையைக் கேள்.

கடையில் மீதிச் சில்லறை கேட்கக்கூட அண்ணன் முகத்தைப் பார்ப்பாரே, அதே அண்ணிதான். ஏப்ரலில் இரண்டு பேரும் டூர் கோஷ்டியோடு கம்போடியா போனார்கள். அங்கோர் வாட்டில், கிழக்குப் பக்க மண்டபத்துச் சுவரில் பாற்கடல் கடையும் சிற்பம் இருக்கிறது. கிட்டத்தட்ட 50 மீட்டர் நீளம். அண்ணன் அசுரர்களை எண்ணிக்கொண்டே நடந்திருக்கிறான். பின்னால் வந்த ஒரு பாட்டி வெயில் தாங்காமல் தலைசுற்றி உட்கார்ந்துவிட்டார். துணைக்கு ஆளில்லாமல் வந்தவர். கூட்டிப்போனவர், "நிழலில் இருக்கட்டும், அடுத்த கோயிலைப் பார்த்துவிட்டு வந்து ஏற்றிக்கொள்ளலாம்" என்றாராம். எல்லாரும் தலையாட்டியிருக்கிறார்கள், அண்ணனும் சேர்த்து. எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை, பத்மா.

அண்ணி மட்டும் நகரவில்லை. "நீங்க போய்ப் பாருங்க, நான் இவங்களோட இருக்கேன்" என்று எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டார். பாட்டிக்கு இளநீர் வாங்கிக் கொடுத்து, கிழக்கே அகழியைத் தாண்டும் மண்பாதையில் கைத்தாங்கலாக நடத்திக்கொண்டுபோய், ஒரு டுக்டுக்காரரிடம் ஹோட்டல் அட்டையைக் காட்டியிருக்கிறார். அவர் பத்து விரலைக் காட்ட, இவர் ஐந்தைக் காட்டிவிட்டு அசையாமல் நின்றாராம். அங்கே ஓரம் கிழிந்த டாலரை வாங்கமாட்டார்கள். வேறு நோட்டு எடுத்துக் கொடுத்து, மீதியை அந்த ஊர்ப் பணமான ரியலில் எண்ணி வாங்கியிருக்கிறார்! ஹோட்டலுக்கு டாக்டரை வரவழைத்து, சலைன் இறங்கும்வரை பக்கத்திலேயே இருந்திருக்கிறார்.

பயமாக இல்லையா என்று கேட்டேன். "கை நடுங்கிட்டேதான் இருந்துது. அந்தம்மா என் கையைப் பிடிச்சிருந்தாங்க. அவங்களுக்குத் தெரிஞ்சிடக் கூடாதேன்னு இறுக்கிப் பிடிச்சுக்கிட்டேன்" என்றார். எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது. இத்தனை வருஷம் ஒரே வீட்டில் புழங்கியிருக்கிறோம். அவரை ஒரு வார்த்தை முழுசாகப் பேச நாம் விட்டோமா, சொல்.

இப்போது அந்தப் பாட்டியும் அண்ணியும் மட்டும் காசிக்குக் கிளம்புகிறார்கள். அண்ணனுக்கு முகம் தொங்கிப்போயிருக்கிறது. "நீயாவது எடுத்துச் சொல்லேன்" என்று என்னிடம் வந்தான். டிக்கெட்டுக்கு நான்தான் பணம் கட்டியிருக்கிறேன் என்று சொன்னேன். அப்புறம் பேசவே இல்லை.

ரயில் நாக்பூர் வழியாகத்தான் வருகிறது. நேரம் எழுதுகிறேன். ஸ்டேஷனுக்குப் போய் இரண்டு பேருக்கும் தயிர்சாதம் கொடு. பாட்டிக்குக் காரம் ஆகாது.

அன்புடன்,
உன் விஜி