ஹீட்டரைக் கொண்டு வா, பிளக்கைப் பார்த்துவிட்டு

ரிங்லெட்,
கேமரன் மலை.
நவம்பர் 21

அன்புள்ள பெருமாளுக்கு,

உன் கடிதம் போன வாரம் கிடைத்தது. கையில் போன் இருக்கும்போது கடிதம் எதற்கு தாத்தா என்று பேத்தி கேட்டாள். நாங்கள் நாற்பது வருடமாக இப்படித்தான் என்றேன். அவளுக்கு அது பெரிய விஷயமாகப் படவில்லை. தபால்தலையை மட்டும் கிழித்து எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

டிசம்பர் கடைசியில் தங்கச்சியோடு வருகிறாய் என்று படித்ததும் மீனா அப்போதே பின்னறையைக் கூட்டத் தொடங்கிவிட்டாள். இங்கே எல்லாரும் சுகம்தான். எனக்குத்தான் படியேறினால் மூச்சு வாங்குகிறது. நாம் குடியிருந்த தோட்டத்து லய வீடுகளில் பாதியை இடித்துவிட்டார்கள். மீதியில் வங்காளதேசத்துப் பையன்கள் இருக்கிறார்கள். சாயந்திரம் அந்தப் பக்கம் நடந்தால் அவர்கள் மீன் வதக்கும் வாசனை வரும், நம் வீட்டு வாசனை மாதிரியே. ஏரியில் முன்பைவிடச் சேறு அதிகம். மழை பெய்தால் தண்ணீர் கோப்பி நிறத்துக்கு வந்துவிடுகிறது.

சரி, நீ கேட்ட விஷயம். மகன் மான்செஸ்டரில் படித்தபோது வாங்கிய ஹீட்டர் ஸ்டோரில் கிடக்கிறது, தங்கச்சியின் முழங்காலுக்கு உதவுமே, கொண்டு வரவா என்று எழுதியிருந்தாய். தாராளமாகக் கொண்டு வா. ரிங்லெட்டில் இரவு 17, 18 டிகிரி வரை இறங்குகிறது. தானா ராத்தாவில் இன்னும் கொஞ்சம் குறைவு. 1978 பிப்ரவரி முதல் தேதி கேமரன் மலையில் 7.8 டிகிரிக்குப் போனதே, ஞாபகம் இருக்கிறதா? மலேசியாவில் பதிவானதிலேயே அதுதான் மிகக் குறைவு. இரண்டு சட்டைக்கு மேல் கோணிச் சாக்கைப் போர்த்திக்கொண்டு நீ வேலைக்கு வந்தாய். இப்போது அந்த அளவு குளிர் இல்லை. ஆனாலும் கிள்ளானில் இருந்து வருகிறவர்களுக்கு 18 டிகிரியே போதும்.

இங்கிலாந்து பிளக்கும் நம் பிளக்கும் ஒன்றுதான். 1947-இல் அவர்கள் வகுத்த மூன்று சதுரக் கால் பிளக்கைத்தான் நாமும் வைத்திருக்கிறோம். மின்சாரமும் அதே 230 வோல்ட். அதனால் அடாப்டர் எதுவும் வேண்டாம். ஆனால் பத்து வருடம் ஸ்டோரில் கிடந்த சாமானை அப்படியே செருகிவிடாதே. ஏன் சொல்கிறேன் என்றால், முப்பது வருடம் வயர்மேனாக இருந்த என் வீட்டிலேயே ஒரு கூத்து நடந்தது. இதுவரை உனக்கு எழுதவில்லை, வெட்கமாக இருந்தது.

போன ஜனவரியில் ஒரு ராத்திரி, மகள் குழந்தையோடு வந்திருந்த நேரம். மீனா அடுப்படியில் இருந்து, 'யாருங்க கருவாடு சுடறது?' என்று கேட்டாள். யாரும் சுடவில்லை. பூனை எதையோ கொண்டுவந்து போட்டிருக்கும் என்று கட்டிலுக்கு அடியில் டார்ச் அடித்துப் பார்த்தோம். வாசனை அதிகமாகிக்கொண்டே போனது. கடைசியில் கண்டுபிடித்தால், ஹீட்டரை ஓர் எக்ஸ்டென்ஷன் வயரில் செருகி, வயர் காலில் தட்டுகிறதென்று பாய்க்கு அடியில் விட்டிருக்கிறார்கள். செய்தது வேறு யாருமில்லை, நான்தான். சுவரில் சுவிட்சை அணைத்துவிட்டுப் பிளக்கைப் பிடுங்கினேன். கையில் பிடிக்க முடியவில்லை. திறந்து பார்த்தால் பியூஸ் உட்காரும் பிடி உருகிச் சாய்ந்திருக்கிறது, லைவ் காலின் திருகாணி முக்கால் சுற்றுத் தளர்ந்திருக்கிறது, பழுப்பு வயரின் உறை கருகி முறுக்குத் துண்டு மாதிரி உடைகிறது. பிளக்கும் சாக்கெட்டும் செய்கிற பிளாஸ்டிக் அளவு மீறிச் சூடானால் மீன் வாடைதான் அடிக்கும். ஊரில் யார் வீட்டிலாவது காரணமில்லாமல் மீன் நாறினால் முதலில் சாக்கெட்டைத் தொட்டுப் பார்க்கச் சொல்வேன் நான். அன்று எனக்கே அது தோன்றவில்லை.

அன்றிலிருந்து ஒன்றைப் பிடித்துக்கொண்டேன். எல்லாரும் சிவந்து எரியும் கம்பியைத்தான் பார்த்துப் பயப்படுகிறார்கள். கம்பி சூடாவதற்கென்றே செய்தது. நிக்கலும் குரோமியமும் கலந்தது, சிவக்கும், தாங்கும். சூடாகவே கூடாத இடம் பிளக்கும் வயரும். கோளாறு அங்கேதான் ஆரம்பிக்கிறது. 2000 வாட் ஹீட்டர் ஏறக்குறைய 8.7 ஆம்பியர் இழுக்கும். டிவியைப் போலவோ மேசை விளக்கைப் போலவோ கொஞ்சமாக இல்லை, இவ்வளவையும் மணிக்கணக்கில் விடாமல் இழுக்கும். ஒரு திருகாணி தளர்ந்திருந்தாலும் அந்த ஒரு புள்ளியில் அத்தனை சூடும் சேர்ந்துவிடும். பியூஸ் போகாது. 13 ஆம்பியருக்கு உள்ளேதான் ஓடுகிறது, அதற்கு எப்படித் தெரியும்?

அதனால் கிளம்புவதற்கு முன் ஒரு பகலில் உட்கார்ந்து இதைச் செய். முதலில் ஹீட்டரின் பின்பக்கத் தகட்டைப் படித்து எத்தனை வாட் என்று எனக்கு எழுது. சதுரத்துக்குள் சதுரம் போட்ட குறி இருக்கிறதா என்றும் பார். அது இருந்தால் இரட்டை இன்சுலேஷன், எர்த் வயர் தேவையில்லை. குறி இல்லாமல் உடம்பு இரும்பாக இருந்தால் பச்சை மஞ்சள் வயர் கட்டாயம் இருக்க வேண்டும்.

பிறகு பிளக். கால்களின் அடியில் பழுப்புக் கறை, உருகின தடம் ஏதாவது இருந்தால் அதை வெட்டிப் போட்டுவிட்டு நல்ல பிளக் மாட்டு. நம் தரச்சான்று நிறுவனமான சிரிமின் முத்திரை பார்த்து வாங்கு. லைவ், நியூட்ரல் இரண்டு காலிலும் பாதிக்குக் கறுப்பு உறை இருக்கும். எர்த் காலிலும் அந்த உறை இருந்தால் அது போலி, தொடாதே. திறக்கிற பிளக்காக இருந்தால் திறந்து மூன்று திருகாணியையும் இறுக்கு. பியூஸைக் கழற்றிப் பார். பழுப்பு நிறம் 13 ஆம்பியர், சிவப்பு 3. ஒரு வீட்டில் பியூஸ் இருக்க வேண்டிய இடத்தில் சிகரெட் பெட்டியின் வெள்ளித்தாளைச் சுருட்டி வைத்திருந்தார்கள். நம் ஆள்களுக்கு இந்த மாதிரி விஷயங்களில் அறிவு பொங்கி வழியும்.

வயரைப் பிளக்கில் இருந்து ஹீட்டர் வரை விரல்களுக்கு நடுவே மெதுவாக விட்டுப் பார், ஜெபமாலை உருட்டுகிற மாதிரி. விறைத்த இடம், பிசுபிசுப்பு, எலி கடித்த பல் தடம், டேப் சுற்றின இடம் எல்லாம் விரலுக்குத் தெரியும். ஹீட்டர் உடம்புக்குள் வயர் நுழைகிற இடத்தில் லேசாக வளைத்துப் பார். உள்ளே செம்பு அறுந்துபோவது அநேகமாக அங்கேதான், வெளியில் தெரியாது. டேப் சுற்றிச் சரிபண்ணலாம் என்று மட்டும் நினைக்காதே. வயரை மாற்றத்தான் வேண்டும், அதை நான் இங்கே பார்த்துக்கொள்கிறேன்.

உன்னுடையது விசிறி வைத்த ஹீட்டர் என்று எழுதியிருந்தாய். அதில் விசிறிதான் உயிர். காற்று நின்றால் கம்பியின் சூடு போக வழியில்லாமல் உள்ளேயே உட்கார்ந்துவிடும். பிளக்கைப் பிடுங்கிவிட்டு டார்ச் அடித்து வலைக்குள் பார். பத்து வருடத்தில் பஞ்சு, தூசி, பல்லி எலும்பு எல்லாம் சேர்ந்திருக்கும். மென்மையான பிரஷ்ஷால் தட்டி எடு, ஈரத்துணி வேண்டாம். லேசாக ஆட்டிப் பார், உள்ளே ஏதாவது கழன்று உருண்டால் சத்தம் கேட்கும். அடியில் பொத்தான் மாதிரி ஒன்று இருக்கலாம், ஹீட்டர் கவிழ்ந்தால் தானாக அணைவதற்கு. விரலால் அழுத்திவிட்டால் டிக்கென்று திரும்பி வர வேண்டும். ஒட்டிக்கொண்டு நின்றால் அந்த ஹீட்டரே வேண்டாம். உடம்பைத் திறக்கும் வேலை உனக்கு வேண்டாம். நீ தோட்டத்து ரேடியோவைப் பிரித்த கதை எனக்கு இன்னும் மறக்கவில்லை.

இவ்வளவும் சரியாக இருந்தால் வாசல் சிமெண்டுத் தரையில் வைத்து, நேரே சுவர் சாக்கெட்டில் செருகு. முதலில் சூடில்லாமல் விசிறியை மட்டும் ஓட விடு. கிறீச் சத்தமில்லாமல் ஓடினால் சூட்டைப் போடு. பழைய தூசி வேகும் வாசனை ஐந்து பத்து நிமிடம் வரும், போய்விடும். மீன் வாசனையோ ரப்பர் கருகும் வாசனையோ வந்தால் அணைத்துவிடு. அரை மணி நேரம் பக்கத்திலேயே உட்கார்ந்திரு, பேப்பர் படி. பிறகு சுவிட்சை அணைத்துவிட்டுப் பிளக்கைத் தொட்டுப் பார். வெதுவெதுப்பு பரவாயில்லை. விரலை வைத்திருக்க முடியாத சூடு என்றால் பிளக்கிலோ சாக்கெட்டிலோ கோளாறு. செருகிய பிளக் தொளதொளவென்று ஆடுகிற சாக்கெட்டும் அப்படித்தான், உள்ளே ஸ்பிரிங் தளர்ந்துபோயிருக்கும். பின்னறையில் இருந்ததை நான் போன மாதமே மாற்றிவிட்டேன். அதற்கென்று 2.5 சதுர மில்லிமீட்டர் வயர் தனியாக ஓடுகிறது, 20 ஆம்பியர் பிரேக்கர். எக்ஸ்டென்ஷன் வயர் பேச்சே இந்த வீட்டில் இனி கிடையாது, மீனா சட்டம் போட்டுவிட்டாள்.

ஹீட்டரைப் போட்டதும், மின்சாரம் கசிந்தால் தானாக அணைகிற ஈ.எல்.சி.பி. சுவிட்ச் விழுந்தால் திரும்பத் திரும்பத் தூக்கி விடாதே. எங்கள் எண்ணெய் ஹீட்டர் ஒரு வருடம் மூலையில் கிடந்துவிட்டு இப்படித்தான் விழவைத்தது. அந்த மாதிரிக் கம்பிக்குழாய்க்குள் மக்னீசியம் ஆக்சைடு மாவு அடைத்திருப்பார்கள், அது உப்பு மாதிரி ஈரத்தை இழுக்கும். நம் மலை ஈரத்துக்குச் சொல்லவா வேண்டும். இன்சுலேஷனைச் சோதிக்கும் என் பழைய மெகரைச் சுற்றி 500 வோல்ட்டில் பார்த்தேன், 0.2 மெகா ஓம்தான் காட்டியது. ஒன்றாவது வேண்டும். தொழிற்சாலையில் வேலை செய்யும் மருமகனிடம் கொடுத்து, தேயிலை காய வைக்கும் டிரையர் அறை ஓரத்தில் மூன்று நாள் வைக்கச் சொன்னேன். திரும்பி வந்தபோது 20-க்கு மேல் காட்டியது. இன்னும் அதில் தேயிலை வாசனை வருகிறது. உன்னுடையதையும் மெகரில் பார்த்துவிட்டுத்தான் அறைக்குள் விடுவேன். உன் வீட்டு ஈ.எல்.சி.பி.யில் டி என்று ஒரு பொத்தான் இருக்கும், அதை எப்போதாவது அழுத்திப் பார்த்திருக்கிறாயா? மாதம் ஒருமுறை அழுத்த வேண்டும். விழவில்லை என்றால் வயர்மேனைக் கூப்பிடு.

தங்கச்சிக்கு ஒரு சேதி. சூட்டை முழங்காலுக்கு நேரே வைத்துக்கொண்டு உட்காரக் கூடாது. சர்க்கரை உள்ள காலுக்குச் சூடு சரியாகத் தெரியாது, வெந்த பிறகுதான் தெரியும். மூன்று அடி தள்ளித்தான் வைப்பேன். கட்டில், திரை, துணி எல்லாவற்றுக்கும் அதே மூன்று அடி. இங்கே டிசம்பரில் துணி காயாது, ஹீட்டர் மேல் போட்டுக் காயவைக்க யாருக்கும் கை துறுதுறுக்கும். அது மட்டும் ஆகாது. படுக்கப் போகும் முன் அரை மணி நேரம் போட்டு அறையைச் சூடாக்கிவிட்டு, அணைத்துப் பிளக்கைப் பிடுங்கிவிட்டுத் தூங்குவோம். கம்பளி எங்களிடம் நிறைய இருக்கிறது.

நம் அம்மாக்கள் பிள்ளை பெற்ற வீட்டில் கட்டிலுக்கு அடியில் தகரத்தில் கரி அனல் வைப்பார்களே, அதை நினைத்தால் இப்போதும் எனக்குப் பயமாக இருக்கிறது. கரி அனலில் இருந்து வரும் விஷவாயுவுக்கு வாசனைகூட இருக்காது, கதவை மூடினால் தூக்கத்திலேயே ஆளை முடித்துவிடும். லயத்துச் சுவரில் இருந்த ஓட்டைகள்தான் நம்மைக் காப்பாற்றியிருக்க வேண்டும். நாம்தான் அந்த ஓட்டைகளில் பேப்பரைத் திணித்து அடைத்துக்கொண்டிருந்தோம்!

தாப்பா வழியாகவே வா. வளைவு அதிகம்தான், ஆனால் தங்கச்சிக்கு வாந்தி வந்தால் லாத்தா இஸ்கண்டார் அருவியில் நிறுத்திக்கொள்ளலாம். தாப்பாவில் ஒரு போன் போடு, உலையில் தண்ணீர் வைக்கச் சொல்கிறேன். ஹீட்டரைக் காரில் நிமிர்த்தி வை, மேலே பையை ஏற்றாதே.

மீனா ஒன்று எழுதச் சொல்கிறாள். கிள்ளான் சந்தையில் நல்ல நெத்திலிக் கருவாடு அரைக் கிலோ வாங்கி வருவாயாம். போன ஜனவரியில் இருந்து இந்த வீட்டில் கருவாடு வாசனை வந்தால் நான் எழுந்து சாக்கெட்டுகளைத் தடவப் போய்விடுகிறேனாம், நீ வந்து பக்கத்தில் உட்கார்ந்து என்னைப் பிடித்துக்கொள்ள வேண்டுமாம்.

அன்புடன்,
சின்னையா