பூக்காத குறிஞ்சிக்காக ஒரு மனு

எங்கள் மேல்பழனி மலையைப் பொறுப்பில் வைத்திருக்கும் வனத்துறை, வருவாய்த்துறை, சுற்றுலா அதிகாரிகளுக்கு,

வணக்கம். எந்தச் சரிவு, எந்த ஜேசிபி என்று நான் சொல்ல வேண்டியதில்லை. மூன்று மனுக்களில் எழுதிவிட்டேன், மூன்றுக்கும் ரசீது இருக்கிறது.

வியூ பாயிண்டுக்கு வரும் கார்களை நிறுத்த இடம் வேண்டும் என்று புல்மேட்டின் ஒரு பக்கத்தைச் சமன்படுத்தினார்கள். நான் போனபோது மண் இன்னும் ஈரமாக இருந்தது. ஓரத்தில் குவித்திருந்த செடிகளில் ஒன்றை எடுத்துப் பார்த்தேன். நாலு பட்டையான தண்டு, ஓரம் பல் பல்லாக வெட்டிய இலை, கணுவுக்குக் கணு ஜோடி. குறிஞ்சிதான். மேற்பார்வைக்கு நின்றவரிடம் சொன்னேன். "பூவே இல்லையே சார், இது வெறும் புதர்" என்றார். அவர் மேல் கோபமில்லை. 2018இல் பூத்தபோது அவர் வேறு ஊரில் இருந்திருப்பார்.

நீங்கள் இருந்தீர்கள். அதனால்தான் உங்களுக்கு எழுதுகிறேன்.

2018இல் பூத்த செடிகள் விதை முற்றியதும் காய்ந்து செத்தன. அந்தக் கட்டைகளை எங்கள் அம்மா அடுப்புக்குப் பொறுக்கி வந்தார். விழுந்த விதை மழையில் முளைத்தது. இன்று நீங்கள் புதர் என்று பார்ப்பது அந்தப் பிள்ளைகளைத்தான். பன்னிரண்டு வருடம் வளர்ந்து 2030இல் பூக்கும். ஒரே ஒரு முறை பூத்து, விதைத்து, சாகும். மாமரத்தை வெட்டினால் முன் வருடம் விழுந்த கொட்டையாவது எங்காவது முளைத்திருக்கும். குறிஞ்சியைப் பூக்கும் முன் பிடுங்கினால், அது ஆயுளில் ஒரு விதைகூடப் போட்டிருக்காது. அந்தச் சரிவில் 2030இல் மட்டுமல்ல, 2042லும் ஒன்றும் இருக்காது.

கேட்பது ஒன்றுதான்: மிச்சமிருக்கும் செடிகளை, 2030இல் பூத்து விதை உதிரும் வரை தொடாதீர்கள்.

இதற்கு மனு கொடுத்தபோது நடந்ததைச் சொல்லியே ஆக வேண்டும். செடி என்றால் வனத்துறை என்று முதல் அலுவலகத்தில் சொன்னார்கள். வனத்துறைக்குப் போனேன், அந்த நிலம் காப்புக்காட்டுக்கு வெளியே, வருவாய்த்துறைக்குப் போங்கள் என்றார்கள். அங்கே போனால், நிலம் எங்களுடையது, செடியைப் பற்றி எங்களுக்கு என்ன தெரியும் என்று கேட்டார்கள். ஆக, மண் ஒருவருக்கு, வேர் இன்னொருவருக்கு. மூன்று நாள் கூலி போனது எனக்கு. இடையில் ஜேசிபி எந்த அலுவலகத்துக்கும் அலையாமல் தன் வேலையை முடித்துவிட்டது.

2022இல் திருத்திய வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் மூன்றாம் அட்டவணையில் நீலக்குறிஞ்சி இருக்கிறது. பறிப்பதும் வேரோடு பிடுங்குவதும் குற்றம். பூத்திருந்தால்தான் குறிஞ்சி என்று அதில் எழுதியிருப்பதாக எனக்குத் தெரியவில்லை.

எங்கள் மலையின் எல்லை ஊரான கிளாவரையைத் தாண்டினால் கேரளம். அங்கே 2006இல் பூத்தபோதே, வட்டவடை, கொட்டக்கொம்பூர் பக்கம் 32 சதுர கிலோமீட்டரை இந்தச் செடிக்காகச் சரணாலயமாக அறிவித்தார்கள். எல்லை எது என்று வருடக்கணக்கில் சண்டை ஓடியது வேறு கதை. இருந்தாலும் செடியின் பெயரில் ஒரு காகிதமாவது அங்கே இருக்கிறது. நம் பக்கமும் பெயருக்குக் குறைச்சல் இல்லை: குறிஞ்சி நகர், குறிஞ்சி இல்லம், குறிஞ்சி லாட்ஜ். செடிக்குத்தான் இடமில்லை. இருந்த புல்வெளியில் சீகையும் (வாட்டில் மரம்) பைனும் தைல மரமும் நட்டு, அதற்குக் காடு வளர்ப்பு என்று பெயர் வைத்ததும் நாம்தான். 2030இல் சுற்றுலா விழா நடக்கும், வளைவு வைப்பீர்கள், மேடையில் சங்கப்பாட்டு சொல்வீர்கள். கார் நிறுத்தவும் தாராளமாக இடம் இருக்கும். இறங்கிப் பார்ப்பதற்குத்தான் சீகை மட்டும் நிற்கும்.

மன்னிக்கவும். கேட்க வந்ததை விட்டு எங்கோ போய்விட்டேன்.

எனக்கு வயது 38. குறிஞ்சியை மூன்று முறை பார்த்திருக்கிறேன், 1994இல், 2006இல், 2018இல். அம்மாவுக்கு 1970உம் 1982உம் நினைவிருக்கிறது. அடுத்ததைப் பார்ப்பேனா என்று இப்போதே கேட்க ஆரம்பித்துவிட்டார்.

பார்க்கிங்கை வேண்டாம் என்று சொல்லவில்லை. ஏற்கெனவே சமன்படுத்திய இடத்தோடு நிறுத்திக்கொள்ளுங்கள். ஓடைக்கு மேல் பக்கம் இன்னும் கை படாத செடிகள் நிற்கின்றன, இடுப்பு உயரம்கூட வரவில்லை. இரண்டு துறையிலிருந்தும் ஒரே நாளில் ஆளுக்கொருவர் வந்தால் போதும், நானே கூட்டிப்போய்க் காட்டுகிறேன். சுற்றிலும் நாலு கல் நட்டு ஒரு கயிறு கட்டச் சொல்லுங்கள். நிதி இல்லை என்றால் கயிற்றை நாங்கள் வாங்கித் தருகிறோம்.

தயவுசெய்து, ஜேசிபி அடுத்த முறை மேலே ஏறும் முன் வாருங்கள்.

இப்படிக்கு,
மேல்பழனி மலைக்காரன் ஒருவன்