ஸ்டே வாங்கியாச்சு, அப்புறம்?

அன்புள்ள மாப்ளே,

கடிதம் கிடைத்தது. பேத்திக்குக் காதுகுத்து நல்லபடியாக முடிந்ததில் சந்தோஷம். கெடாவெட்டுக்கு என்னைக் கூப்பிடாததை நேரில் பேசிக்கொள்ளலாம். எனக்கு முட்டிவலிதான் பாடு. ஹைகோர்ட் படிக்கட்டை இப்போது ஜூனியர்கள்தான் ஏறி இறங்குகிறார்கள்.

உன் மச்சான் விஷயத்துக்கு வருகிறேன். கூட்டாளி மிஷின்களை விற்கக் கூடாதென்று தடை கிடைத்ததும், கேஸே ஜெயித்துவிட்டதாக ஊரெல்லாம் சொல்லித் திரிகிறாராமே. கொஞ்சம் பொறுக்கச் சொல். ஒப்பந்தத்தில் ஒத்துக்கொண்டபடி கோர்ட்டுக்கு வெளியே தகராறைத் தீர்த்துவைப்பவர்தான் நடுவர் (ஆர்பிட்ரேட்டர்). 1996-ஆம் வருட நடுவர் சட்டத்தின் 9-ஆவது பிரிவில் இடைக்காலப் பாதுகாப்பு கேட்டுப் போனால், யார் பக்கம் நியாயம் என்று கோர்ட் முடிவு செய்யாது. முகாந்திரம் இருக்கிறதா, தடை கொடுக்காவிட்டால் ஈடுகட்ட முடியாத நஷ்டம் வருமா, யாருக்குச் சிரமம் அதிகம் என்றுதான் பார்க்கும். நடுவர் வந்து விசாரிக்கும்வரை மிஷின் இருந்த இடத்தில் இருக்கும், அவ்வளவுதான்.

நடுவர் நடவடிக்கை தொடங்கும் முன்பே கோர்ட்டுக்குப் போகலாமா என்ற சந்தேகத்தைத் தீர்த்தது நம்ம ஊர்க் கம்பெனி வழக்குதான். சுந்தரம் ஃபைனான்ஸ், என்.இ.பி.சி. இந்தியா வழக்கில் 1999-இல் சுப்ரீம் கோர்ட் சொன்னது: போகலாம், முதலில் நோட்டீஸ் கொடுத்திருக்க வேண்டும் என்றுகூட இல்லை, ஆனால் நடுவரிடம் போகும் எண்ணம் வெளிப்படையாகத் தெரிய வேண்டும். ஸ்டே கைக்கு வந்ததும் அந்த எண்ணம் கட்சிக்காரர்களுக்கு மறந்துபோவதை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். எதிராளி கை கட்டிக் கிடக்கிறான், நாம் ஏன் அவசரப்பட வேண்டும் என்ற நினைப்பு.

2015 திருத்தம் அதற்குக் கெடு வைத்தது. தடை உத்தரவு தேதியிலிருந்து 90 நாளுக்குள், அல்லது கோர்ட் நீட்டித்துத் தரும் காலத்துக்குள், நடுவர் நடவடிக்கை தொடங்கியாக வேண்டும். பலர் கோட்டை விடுவது இங்கேதான். 21-ஆவது பிரிவின்படி, ஒப்பந்தத்தில் வேறு மாதிரி இல்லாவிட்டால், தகராறை நடுவரிடம் விடக் கேட்கும் நோட்டீஸ் எதிராளி கைக்குப் போய்ச் சேர்ந்த நாள்தான் தொடக்கம். நாம் தபாலில் போட்ட நாள் கணக்கில்லை. எங்கள் ஆபீஸில் உத்தரவு வந்த அன்றே 90-ஆவது நாளைக் கேஸ் கட்டின் மேல் சிவப்பு மையில் எழுதிவிடுவோம்.

கூட்டாளி தர வேண்டிய பாக்கிப் பணத்துக்கும் ஈடு கட்டச் சொல்லிக் கேட்கலாமா என்கிறாய். கேட்கலாம், கிடைப்பதுதான் கஷ்டம். தீர்ப்புக்கு முன்பே எதிராளி சொத்தை முடக்க சிவில் நடைமுறைச் சட்டம் வைத்திருக்கும் ஜப்தி நிபந்தனைகள் 9-ஆவது பிரிவைக் கட்டாயம் கட்டுப்படுத்தாது என்று 2022-இல் எஸ்ஸார் ஹவுஸ் வழக்கில் சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு. அதே வருடம் சங்கி இண்டஸ்ட்ரீஸ் வழக்கில், அந்த நிபந்தனைகள் நிறைவேற வேண்டும் என்றது அதே சுப்ரீம் கோர்ட். எங்களுக்கு ஆளுக்கொரு தீர்ப்பு! எதிராளி சொத்தைக் கைமாற்றுகிறான் என்பதற்கு ஆதாரம் இருந்தால் எடுத்து வைக்கச் சொல். நடுவர் அமர்ந்த பிறகு, அவரிடம் கேட்டுப் பலன் கிடைக்காது என்ற நிலை இருந்தால் தவிர, இதையெல்லாம் 17-ஆவது பிரிவில் அவரிடமே கேட்க வேண்டும். அவர் உத்தரவும் கோர்ட் உத்தரவு போலவே செல்லும்.

உத்தரவு நகலை உடனே வாட்ஸ்அப்பில் அனுப்பு. ஒப்பந்தத்தில் நடுவர் பற்றி வரும் பக்கத்தையும் போட்டோ எடுத்துப் போடு. கூட்டாளியே நடுவரை நியமிப்பார் என்று எழுதியிருந்தால் அது தனிச் சண்டை. தங்கச்சியைக் கேட்டதாகச் சொல்.

உன்,
பழைய பெஞ்சுக்காரன்