எரிக் மன்னரின் கழுத்தெலும்பும் என் ஐம்பது விநாடிகளும்

உப்சாலா

அன்புள்ள சுந்தரம்,

உன் இரண்டு கடிதங்களுக்கும் பதில் எழுதாததற்குச் சாக்கு எதையும் சோடிக்கப் போவதில்லை, சோம்பல்தான். அம்மாவின் கண் அறுவை நல்லபடியாக முடிந்ததில் மகிழ்ச்சி. இங்கும் எல்லோரும் நலம். இப்போது பேனாவை எடுக்க வைத்த செய்தி, நான் தொலைக்காட்சியில் வந்துவிட்டேன் என்பது. சிரித்து முடித்துவிட்டு மேலே படி.

சுவீடனின் இடைக்காலத்தைப் பற்றித் தொலைக்காட்சியில் யாராவது பேசினால் அவர் லுண்ட் பல்கலைக்கழகப் பேராசிரியர் டிக் ஹாரிசனாகத்தான் இருப்பார் என்பது இங்குள்ளவர்களின் நம்பிக்கை. ஆவணக் காப்பகத்தைத் தாண்டாத என்னைத் தொலைக்காட்சிக்காரர்கள் தேடி வந்ததற்குக் காரணம், பன்னிரண்டாம் நூற்றாண்டுச் சுவீடிய மன்னர் புனித எரிக்கின் எலும்புகளைப் பற்றி நான் எழுதிய கட்டுரை ஒன்று யார் கண்ணிலோ பட்டதுதான்.

அந்த எலும்புகளைப் பற்றி உனக்குச் சொல்லியே ஆக வேண்டும். 1160-இல் மே 18 அன்று திருப்பலி கேட்டுக்கொண்டிருந்த மன்னரைப் பகைவர் சூழ்ந்தனர் என்றும், வீழ்த்தி, எள்ளி நகையாடி, பிறகு தலையை வெட்டினர் என்றும், நூறாண்டுக்கும் மேல் கழித்து எழுதப்பட்ட வரலாறு கூறுகிறது. 2014-இல் உப்சாலாப் பேராலயத்தில் வெள்ளிப் பேழையைத் திறந்து ஆராய்ந்தபோது, 23 எலும்புகள் ஒரே மனிதருடையவையாகத் தெரிந்தன: வயது 35 முதல் 40, உயரம் 171 சென்டிமீட்டர். சாகும் தறுவாயில் விழுந்த வெட்டுகள் குறைந்தது ஒன்பது. அவற்றில் ஏழு கால்களில். விலாவிலும் கையெலும்பிலும் ஒரு கீறல்கூட இல்லை என்பதால், உடம்பில் இரும்பு வளையச் சட்டை இருந்திருக்க வேண்டும். ஆனால் கழுத்தெலும்பு ஒன்று துண்டுபட்டிருக்கிறது. அந்த வெட்டு விழ வேண்டுமானால் சட்டையை முதலில் கழற்றியிருக்க வேண்டும். சண்டைக்கும் தலை வெட்டுக்கும் நடுவே ஓர் இடைவெளி இருந்திருக்கிறது, சுந்தரம்! கதையில் நகையாடும் நேரம் அதுதானே என்று எண்ணியபோது எனக்கு மயிர்க்கூச்செறிந்தது.

ஆனாலும் கார்பன் காலக்கணிப்பு காலத்தைச் சொல்லுமே தவிரப் பெயரைச் சொல்லாது. அதே பேழையில் வேறொருவரின் கணைக்கால் எலும்பும் கிடந்ததே! மெய்க்கீர்த்தியில் மெய் எவ்வளவு, கீர்த்தி எவ்வளவு என்று நம் கல்வெட்டு ஆசிரியர் பலகையைத் தட்டிக் கேட்பாரே, அந்தச் சத்தம் என் காதில் இன்னும் கேட்கிறது. எனவே, முகத்தில் மாவு பூசிக்கொண்டு, ஒரே தூணை மூன்று முறை சுற்றி நடந்து, நான்கு மணி நேரம் பேசியதில், "இவர் எரிக் மன்னர்தான், ஒருவேளை" என்று கவனமாகச் சொன்னேன்.

ஒளிபரப்பில் எனக்குக் கிடைத்தவை ஐம்பது விநாடிகள். "இவர் எரிக் மன்னர்தான்" என்கிறேன். உடனே மணியோசை, பேராலயக் கோபுரம். சுவீடிய மொழியில் 'ஒருவேளை' என்பதற்கான 'கான்ஷே' தனிச் சொல். அதை வாக்கியத்தின் வாலில் நானே கொண்டுபோய் வைத்தேன், கத்தரி வைப்பவருக்கு வேலை எளிதாயிற்று. தமிழில் பேசியிருந்தால் 'இருக்கலாம்' என்று ஐயம் வினையோடு ஒட்டிக்கொண்டிருக்கும். எவ்வளவு கூரிய கத்தரியானாலும் உள்ளே போயிருக்காது. மன்னருக்கும் எனக்கும் வெட்டு கழுத்தில்தான் என்று என் மனைவி நண்பர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

வேடிக்கை அதோடு நிற்கவில்லை. பேருந்து நிறுத்தத்தில் ஒரு மூதாட்டி என் கையைப் பற்றிக்கொண்டு, சிறு வயது முதல் நம்பியதை நான் மெய்ப்பித்துவிட்டதாக நன்றி சொன்னார். "இல்லை, அம்மா" என்று சொல்ல எனக்கு நா எழவில்லை. வெட்டியவரை மட்டும் குறை சொல்லித் தப்பிக்க முடியாமல் அன்றிரவு விழித்துக் கிடந்தேன். அந்த ஐம்பது விநாடிகளை நான் நான்கு முறை போட்டுப் பார்த்ததையும் உன்னிடம் மறைப்பானேன்?

இப்போது மீண்டும் அழைப்பு வந்திருக்கிறது. இம்முறை ஸ்டாக்ஹோமின் ரித்தர்ஹோல்மன் தேவாலயம். 1290-இல் இறந்த மாக்னுஸ் லாடுலோஸ் மன்னருடையது என்று நூற்றாண்டுகளாக நம்பப்பட்ட கல்லறை. 2011-இல் திறந்து சோதித்ததில் எலும்புகள் 1430-க்கும் 1520-க்கும் இடைப்பட்டவை என்று தெரிந்தது. இங்கே 'ஒருவேளை'க்கு வேலை இல்லை. 'இல்லை' என்பதை வெட்டினால் நிகழ்ச்சியே மிஞ்சாது. ஒப்புக்கொள்ளலாம் என்றிருக்கிறேன். ஒளி பட்டு மின்னுவதால் கண்ணாடியைக் கழற்றச் சொல்கிறார்கள்; கழற்றினால் நான் எப்படி இருப்பேன் என்பது விடுதி நாட்களிலிருந்தே உனக்குத் தெரியும். தாமதிக்காமல் எழுது.

உன்,
வரதன்