விலைப்பட்டியல் ஞான் போஸ்ட்டில் போகாது

ஆசிரியருக்கு வணக்கம்.

சிறு வியாபாரிகள் தபால் வழியாக வாடிக்கை பிடிப்பது பற்றி உங்கள் இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். நல்ல கட்டுரைதான். ஆனால் விலைப்பட்டியலை அஞ்சல் துறையின் ஞான் போஸ்ட்டில் மலிவாக அனுப்பிவிடலாம் என்று அதில் ஒரு வரி இருக்கிறது. அதை நம்பி யாராவது கட்டுக் கட்டாக அச்சடித்துக்கொண்டு கவுன்டரில் போய் நிற்பார்களே என்றுதான் எழுதுகிறேன்.

ஞான் போஸ்ட் 2025 மே 1 முதல் இருக்கிறது. 300 கிராம் வரை 20 ரூபாய் என்பதும் சரி. ஆனால் அது படிக்கிற புத்தகத்துக்கு உள்ளது. வியாபார விளம்பரமெல்லாம் அதில் ஏறாது. நம்முடையது சாதாரணத் தபால். 20 கிராம் வரை 5 ரூபாய். கார்டு 50 காசுதானே என்று நினைக்கவும் வேண்டாம். நானும் அப்படித்தான் நினைத்து ஒரு வருஷம் 300 கார்டு அச்சடித்துவிட்டேன். கையால் எழுதினால் 50 காசு, அச்சடித்தால் 6 ரூபாய் என்பது அப்புறம்தான் தெரிந்தது. அந்தக் கார்டுகளின் பின்பக்கத்தில்தான் ரொம்ப நாள் எங்கள் வீட்டு மளிகைக் கணக்கு ஓடியது.

எனக்குச் சாயல்குடிப் பக்கம் கருப்பட்டி, முண்டு மிளகாய் வற்றல் வியாபாரம். 2023-இல் புவிசார் குறியீடு வாங்கியதே, அதே மிளகாய்தான். வெளியூர் போய்விட்ட நம் பக்கத்து ஆட்கள்தான் வாடிக்கை. வாட்ஸ்அப்பில் விலை போட்டால் பார்த்துவிட்டு மறந்துவிடுகிறார்கள். காகிதமாகப் போனால் காலண்டர் ஆணியில் குத்தி வைத்துவிட்டு, மூன்று மாதம் கழித்துக்கூடப் போன் அடிக்கிறார்கள். அதனால் பங்குனியில் புது வற்றல் வந்ததும் 500 கவர் போட்டுவிடுவேன்.

முதல் தடவை நானும் வீட்டம்மாவும் உட்கார்ந்து தபால்தலை ஒட்டினோம். கடலோரத்தில் இருப்பவர்களுக்கு இந்தப் பாடு தெரியும். கவரை வாங்கி நாலு நாள் வைத்தால் போதும், ஈரக்காற்றில் பசை இளகித் தானாகவே வாயை மூடிக்கொள்ளும். இட்லிச் சட்டி ஆவியில் காட்டி ஒவ்வொன்றாகப் பிரித்தோம். தபால்தலைத் தாள் இரண்டு ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு கிழிந்தே போனது. எல்லாம் முடித்துப் பெட்டியில் போடப் போனால் பாதியிலேயே நிரம்பிவிட்டது. சொருகிக்கொண்டு நின்ற என்னைப் பார்த்துத் தபால்காரர், "அண்ணாச்சி, மொத்தமா போடுறதுக்குன்னு தனி வழி இருக்குல்ல, இப்படியா பெட்டி வாயில திணிக்கிறது?" என்றார்.

அதற்கப்புறம் கோட்ட அலுவலகம் வரை போய்த்தான் விவரம் புரிந்தது. கடிதத்தை மொத்தமாகக் கொண்டுபோய்ப் பணம் கட்டினால், தபால்தலைக்குப் பதில் பிராங்கிங் முத்திரை அடித்துத் தருகிறார்கள். பார்சல், ஸ்பீடு போஸ்ட் (விரைவுத் தபால்) மொத்தமாக அனுப்புவதற்கு மொத்த வாடிக்கையாளராகப் பதிய வேண்டும். என்னிடம் மனு, பான் அட்டை, ஜி.எஸ்.டி. சான்று, முகவரிச் சான்று, மாதம் எத்தனை போடுவேன் என்ற உத்தேசக் கணக்கு ஆகியவற்றைக் கேட்டார்கள். முன்பணம் கட்டிவைத்துக் கழித்துக்கொள்ளலாம், அல்லது மாதக் கடைசியில் பில் கட்டலாம். பில் என்றால் ஈடு வைக்க வேண்டும். நமக்கு அந்த வம்பு வேண்டாம் என்று முன்பணமே கட்டினேன். 1.10.2025 முதல் வந்த ஸ்பீடு போஸ்ட் கட்டண மாற்றத்தில் புதிதாகச் சேரும் மொத்த வாடிக்கையாளருக்கு 5 சதவீதத் தள்ளுபடியும் உண்டு. வெளியூருக்கு 50 கிராம் வரை 47 ரூபாய், ஜி.எஸ்.டி. தனி என்கிறபோது அந்த 5 சதவீதம் வண்டிக் கூலிக்காவது ஆகும்.

பின்கோட்டின் முதல் மூன்று எண் வாரியாகப் பிரித்துக் கொண்டுபோனால் கவுன்டரில் முகம் சுளிக்க மாட்டார்கள். எங்கள் வீட்டுத் திண்ணையில் 600 சென்னைக்கு ஒரு பெரிய நார்ப்பெட்டி, 641 கோவைக்கு ஒரு கொட்டான், 625 மதுரைக்கு இன்னொன்று. 623 நம் மாவட்டம். ஆறேழுதான் வரும், அது முறத்தில் கிடக்கும். 600-க்கும் 609-க்கும் வித்தியாசம் பார்க்காமல் மயிலாடுதுறைக் கவரைச் சென்னைப் பெட்டியில் போடுவது மட்டும் என் பேத்தியின் வேலை.

ஒன்று கேட்க வேண்டும். இந்தக் கரையில் ஓலைப்பெட்டி முடைகிற, கருவாடு போடுகிற மகளிர் குழுக்கள் நிறைய. தனித்தனியாக அவர்களுக்கு மொத்தமாகப் போடுகிற அளவுக்கு எண்ணிக்கை வராது. நாலைந்து குழு சேர்ந்து ஒரே பெயரில் பதிந்துகொள்ள வழி உண்டா என்று அஞ்சல் அதிகாரிகளிடம் விசாரித்து எழுதினால் நன்றாக இருக்கும். பதியும் முறையைத் தமிழில் ஒரு தாளில் அடித்து ஊர் ஊருக்குத் தபால் ஆபீசில் ஒட்டச் சொன்னாலும் புண்ணியம். என்னைப் போல எல்லோரும் பஸ் பிடித்துக் கோட்ட அலுவலகம் போய்க் கேட்க மாட்டார்கள்.

அந்த ஞான் போஸ்ட் வரிக்கு மட்டும் அடுத்த இதழிலேயே திருத்தம் போட்டுவிடுங்கள். கட்டுரையைப் படித்துவிட்டு என் மருமகன் ஏற்கெனவே 1,000 நோட்டீசுக்கு அச்சகத்தில் முன்பணம் கொடுத்திருக்கிறார்.

இப்படிக்கு,
ஒரு கருப்பட்டி வியாபாரி,
சாயல்குடி வட்டாரம், இராமநாதபுரம் மாவட்டம்.